பெயரில் ‘டமி’ என்று வந்தால் காலை எடுத்துவிடுவார்களா?

திருவாரூர் மாவட்டத்திலிருந்து ஒரு சகோதரி நீளமாக எழுதியிருக்கிறார். பெயர், ஊர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் விஷயத்தை மட்டும் சொல்கிறேன்.

அவருடைய அம்மாவுக்கு 48 வயது. சின்ன வயதிலிருந்தே நடவு, களை, அறுப்பு என்று சேற்றில் நின்றவர். சொந்தமாக ஏழெட்டு மா நிலம் உண்டு. நான்கைந்து வருடமாக இடது முழங்காலின் உள்பக்கம் வலி. கால் கொஞ்சம் கொஞ்சமாக வளைந்துகொண்டே வந்து, இப்போது இரண்டு பாதத்தையும் ஒட்டி வைத்து நின்றால் முழங்கால்களுக்கு நடுவே நான்கு விரல் தாராளமாக நுழைகிறதாம். சர்க்கரை இருக்கிறது, மாத்திரை சாப்பிடுகிறார். வெற்றிலை போடும் பழக்கம் உண்டு, பொகையிலையோடு. தஞ்சாவூரில் ஓர் எலும்பு டாக்டர் எக்ஸ்ரே எடுத்துப் பார்த்துவிட்டு, ‘ஹை டிபியல் ஆஸ்டியோட்டமி’ என்று சீட்டில் எழுதி, “எலும்பை வெட்டிச் சரி பண்ணணும்மா, சம்பா அறுப்பு முடிஞ்சதும் வாங்க” என்று சொல்லி அனுப்பியிருக்கிறார். வெளியே கூட்டம், அதற்கு மேல் பேச நேரமில்லை.

வீட்டுக்கு வந்ததும் ஆளாளுக்கு ஒன்று சொல்லியிருக்கிறார்கள். இந்தப் பெண் படித்தவர். அத்தையின் பழைய டிஸ்சார்ஜ் சம்மரியை எடுத்துப் பார்த்திருக்கிறார். “அத்தைக்கு ஹிஸ்டரெக்டமி என்று எழுதி கர்ப்பப்பையை எடுத்தார்கள். பெரியப்பாவுக்கு அப்பெண்டிசெக்டமி என்று எழுதி குடல்வாலை எடுத்தார்கள். அப்படியானால் ஆஸ்டியோட்டமி என்றால் எலும்பை எடுப்பதுதானே? எலும்பை எடுத்துவிட்டால் அம்மா எப்படி நடப்பார்? அதற்குப் பதில் எல்லாரும் செய்துகொள்கிற மூட்டு மாற்று ஆபரேஷன் செய்யக் கூடாதா? அதில் எலும்பை வெட்ட மாட்டார்களே” என்று கேட்கிறார். மாமா கட்டுப் போடுகிறவரிடம் அழைத்துப் போகலாம் என்கிறாராம். ஆபரேஷன்தான் என்று முடிவானால் படிவத்தில் கையெழுத்துப் போடப்போவதும் அவர்தானாம். அம்மாவின் கேள்வி ஒன்றே ஒன்று: குறுவை நடவுக்கு இறங்க முடியுமா?

சகோதரி, முதலில் பயத்தைத் தீர்த்துவிடுகிறேன். அம்மாவின் காலை எடுக்கப் போவதில்லை, எலும்பையும் எடுக்கப் போவதில்லை. காலை எடுப்பதற்கு ஆம்புடேஷன் என்று தனிப் பெயரே இருக்கிறது. உங்கள் சீட்டில் அது இல்லை. ஆனால் நீங்கள் அந்தப் பெயர்களை வரிசையாக வைத்து ஒப்பிட்டுப் பார்த்தீர்களே, அது ரொம்ப நல்ல காரியம். ஓர் எழுத்து ஓசையில்தான் வழி தவறியிருக்கிறீர்கள்.

ஒட்டமி வேறு, எக்டமி வேறு

ஆபரேஷன் பெயர்களில் பெரும்பாலானவை கிரேக்கச் சொற்களை ஒட்டவைத்து உண்டாக்கியவை. முன்பாதி எந்த உறுப்பு என்று சொல்லும். பின்பாதி அதை என்ன செய்கிறோம் என்று சொல்லும். ஆஸ்டியான் என்றால் எலும்பு, டொமே என்றால் வெட்டு. ஆஸ்டியோட்டமி என்றால் எலும்பை வெட்டுவது, அவ்வளவுதான். அத்தைக்கு நடந்ததில் டமிக்கு முன்னால் ‘எக்’ என்று ஒரு சத்தம் வருகிறது பாருங்கள். எக் என்றால் வெளியே. வெட்டி வெளியே எடுத்தால்தான் எக்டமி. ஹிஸ்டரெக்டமி, அப்பெண்டிசெக்டமி, டான்சிலெக்டமி எல்லாம் அந்த வகை.

ஒட்டமி வகையை உங்கள் அம்மாவே ஒருவேளை ஏற்கெனவே பார்த்திருக்கலாம். பிரசவத்தின்போது குழந்தை வர இடம் போதாவிட்டால் ஒரு சின்ன வெட்டுப் போட்டு, குழந்தை பிறந்ததும் தைத்துவிடுவார்கள். எபிசியாட்டமி என்று அதற்குப் பெயர். அதில் எதையும் எடுப்பதில்லை. பைபாஸ் செய்துகொண்ட யாராவது உங்கள் ஊரில் இருந்தால் நெஞ்சு நடுவில் நீளமாகத் தழும்பு இருக்கும். அங்கே நெஞ்செலும்பை நெடுக்காகப் பிளந்து, வேலை முடிந்ததும் கம்பியால் கட்டிச் சேர்த்திருப்பார்கள். அது ஸ்டெர்னாட்டமி. அந்த எலும்பும் கூடிவிடுகிறது, அவரும் நன்றாகத்தானே நடமாடுகிறார்.

இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் பளிச்சென்று தெரிவது மண்டையோட்டில். பைக் விபத்தில் அடிபட்டு வருகிறவருக்குத் தலைக்குள் ரத்தம் உறைந்திருந்தால், மண்டையோட்டில் ஒரு துண்டைத் திறந்து, ரத்தத்தை எடுத்துவிட்டு, அதே துண்டைத் திரும்பப் பொருத்தினால் கிரேனியாட்டமி. மூளை வீங்கியிருக்கிறது, இப்போதைக்கு மூட முடியாது என்று எலும்பை வெளியே எடுத்து வைத்துவிட்டால் கிரேனியெக்டமி. வீட்டுக்காரர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய பெரிய விஷயம் அந்த ஒரு ‘எக்’கில் இருக்கிறது.

அதற்காக எக்டமி என்றதும் முழுசும் போய்விட்டது என்றும் எண்ண வேண்டாம். ஆண்களுக்கான குடும்பக் கட்டுப்பாடான வாசெக்டமியில் விந்துக்குழாயில் துளியூண்டு துண்டை எடுப்பதோடு சரி. முழங்காலுக்குள் கிழிந்த ஜவ்வைச் செதுக்கி எடுக்கும் மெனிசெக்டமியிலும் பெரும்பாலும் கிழிந்த பகுதி மட்டுமே போகும். ஆகவே பெயரைக் கேட்டதும் “எதை எடுப்பீர்கள், எவ்வளவு எடுப்பீர்கள்” என்று தனியாகக் கேட்டுவிடுவதுதான் பாதுகாப்பு. இன்னும் சில வால்களும் உண்டு. ஸ்டமி என்று முடிந்தால் உடம்பில் ஒரு வாய் திறந்து வைப்பது: கழுத்தில் மூச்சுக்குழாய்க்குச் செய்தால் ட்ரக்கியாஸ்டமி, வயிற்றில் பெருங்குடலுக்குச் செய்தால் கொலாஸ்டமி. ஸ்கோப்பி என்றால் குழாய் விட்டுப் பார்ப்பது. பிளாஸ்டி என்றால் உருவத்தைச் சீராக்குவது. இந்தப் பிளாஸ்டியிடம் அப்புறம் வருகிறேன், உங்கள் இரண்டாவது கேள்விக்கு அதில்தான் பதில் இருக்கிறது.

அம்மாவின் காலில் என்ன செய்வார்கள்

நேரான காலில் உடம்பின் பாரம் முழங்காலின் ஏறக்குறைய நடுவில் இறங்கும். அம்மாவுக்குக் கால் வளைந்திருப்பதால் பாரம் முழுக்க உள்பக்கத்தில் விழுகிறது. அந்தப் பக்கத்துக் குருத்தெலும்பு தேய்கிறது. தேயத் தேய வளைவு கூடுகிறது. வளைவு கூடினால் இன்னும் தேய்கிறது. வெளிப்பக்கக் குருத்தெலும்பு நல்லபடியாகவே இருக்கிறது, அதற்கு வேலைதான் இல்லை. ஒரு வயலில் நீர் கட்டி நிற்க, பக்கத்து வயல் காய்ந்தால் மடையைத் திருப்பிவிடுவோம் இல்லையா, அப்படிப் பாரத்தை நல்ல பக்கத்துக்குத் திருப்புகிற ஆபரேஷன் இது.

முழங்காலுக்குச் சற்றுக் கீழே, முன்னங்கால் எலும்பின் (சீட்டில் ‘டிபியல்’ என்று இருப்பது இதைத்தான்) உள்பக்கத்தில் தோலைத் திறப்போம். மெல்லிய ரம்பத்தால் எலும்பைக் குறுக்காக, சற்று மேல்நோக்கி அறுப்போம். மறுபக்கம் வரை அறுப்பதில்லை. வெளி ஓரத்தில் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் எலும்பை அப்படியே விட்டுவிடுவோம், அதுதான் கீல். அப்புறம் வெட்டின வாயை உளிகளால் நிதானமாக, மில்லிமீட்டர் மில்லிமீட்டராகத் திறப்போம். பெரும்பாலும் 8, 10, 12 மில்லிமீட்டர் என்ற அளவில் நிற்கும். அவசரப்பட்டால் கீல் உடைந்துவிடும். போதுமா என்று எப்படித் தெரியும்? இடுப்பு மூட்டின் நடுவிலிருந்து கணுக்காலின் நடு வரை ஒரு காட்டரி வயரை (ரத்தக் கசிவைச் சுட்டு நிறுத்தும் கருவியின் வயர்) விறைப்பாக இழுத்துப் பிடித்து, அது முழங்காலை எங்கே கடக்கிறது என்று, ஆபரேஷன் மேசையிலேயே படம் காட்டும் சி-ஆர்ம் எக்ஸ்ரேயில் பார்ப்போம். உள் ஓரத்தில் கிடந்த கோடு நடுவைத் தாண்டி லேசாக வெளிப்பக்கம் போனால் சரி. பிளேட் வைத்து ஸ்குரூ போட்டுவிடுவோம். இடைவெளியில் புது எலும்பு வளர்ந்து நிரம்பும்.

இதில் எலும்பு கொஞ்சமும் வெளியே போகவில்லை என்பதைக் கவனியுங்கள். திறக்கும் முறை என்று இதற்குப் பெயர். மூடும் முறை என்று இன்னொன்று இருக்கிறது. அதில் வெளிப்பக்கத்திலிருந்து ஆப்பு வடிவில் சிறு துண்டை எடுத்துவிட்டு இரு முனைகளையும் சேர்ப்பார்கள். உங்கள் டாக்டர் எதைச் செய்யப் போகிறார் என்று கேளுங்கள். திறக்கும் முறையில் சிலருக்கு இடைவெளியை நிரப்ப இடுப்பெலும்பிலிருந்து கொஞ்சம் எலும்பு எடுத்து வைக்க வேண்டியிருக்கும். அப்படியானால் இடுப்பிலும் ஒரு தையல் இருக்கும். முன்கூட்டியே தெரிந்திருந்தால் அம்மா அதைப் பார்த்துப் பதற மாட்டார்.

இது புதிதாகக் கிளம்பிய வைத்தியமும் அல்ல. 1826-ல், மயக்க மருந்தே இல்லாத காலத்தில், பிலடெல்பியாவில் ஜான் ரியா பார்ட்டன் என்ற டாக்டர் இறுகிப்போன ஓர் இடுப்புக்கு இப்படி எலும்பை வெட்டியிருக்கிறார். கிளாஸ்கோவில் வில்லியம் மெக்யூவன், ரிக்கெட்ஸ் என்ற எலும்பு மென்மையாகும் நோயால் கால் கோணிய ஏழைப் பிள்ளைகளுக்கு இதைச் செய்து, 1880-ல் இதற்கென்றே ஒரு புத்தகம் எழுதினார். முழங்கால் தேய்மானத்துக்கு இது பரவலானது 1960-களில்.

மூட்டு மாற்றே செய்துவிட்டால் என்ன?

மூட்டு மாற்றுக்கு மருத்துவப் பெயர் ஆர்த்ரோபிளாஸ்டி. பெயரில் வெட்டு இல்லை. ஆனால் அதில்தான் தொடையெலும்பின் கீழ்முனையையும் முன்னங்கால் எலும்பின் மேல்முனையையும் ஒவ்வொன்றிலும் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் கனத்துக்கு அறுத்து எடுத்துவிட்டு, அந்த இடத்தில் உலோகத்தையும் பிளாஸ்டிக்கையும் பொருத்துகிறோம். “எலும்பை வெட்ட வேண்டாம், மாற்றிவிடுங்கள்” என்று கேட்கிறவர்களுக்கு இதை நான் எப்போதும் எக்ஸ்ரே பெட்டியில் வைத்துக் காட்டிவிடுவேன். அறுத்தெடுத்த எலும்பு திரும்ப வராது.

மூட்டு மாற்று மோசம் என்று சொல்லவில்லை. 65 வயதில், முழங்கால் முழுவதும் தேய்ந்துபோனவருக்கு அதைப் போல நிம்மதி தருவது வேறில்லை. அம்மாவுக்கு 48. செயற்கை மூட்டு பெரும்பாலானவர்களுக்கு 15, 20 வருடம் உழைக்கும். சேற்றில் இறங்கி, குனிந்து, குந்தி வேலை செய்கிறவருக்கு அதற்கு முன்பே தேயக்கூடும். இரண்டாவது முறை மாற்றுவது முதல் முறையைப் போல லேசானதல்ல. தரையில் உட்கார வேண்டாம், குந்த வேண்டாம் என்றும் சொல்லி அனுப்புவார்கள். ஆஸ்டியோட்டமியில் அவருடைய சொந்த மூட்டு அப்படியே இருக்கும். நன்றாக அமைந்தால் பத்து வருடமோ அதற்கு மேலோ ஓடும். பிற்பாடு தேவைப்பட்டால் அப்போது மூட்டு மாற்று செய்துகொள்ளலாம். அந்த ஆபரேஷன் சற்றுச் சிரமமாக இருக்கும், ஆனால் வழி அடைபடாது. உள்பக்கத்தை மட்டும் மாற்றுகிற பாதி மூட்டு மாற்று என்றும் ஒன்று உண்டு. வளைவு அதிகமாக உள்ள, உழைக்கிற உடம்புக்கு அதைவிட ஆஸ்டியோட்டமிதான் என் முதல் தேர்வு.

ஒரு நிபந்தனை இருக்கிறது. தேய்மானம் உள்பக்கத்தில் மட்டும் இருக்க வேண்டும், முழங்கால் நன்றாக மடங்க வேண்டும், முடக்குவாதம் இருக்கக் கூடாது. வளைவு எவ்வளவு, எவ்வளவு திருத்த வேண்டும் என்பதை முழங்காலை மட்டும் எடுத்த எக்ஸ்ரேயில் தீர்மானிக்க முடியாது. இடுப்பிலிருந்து கணுக்கால் வரை, நின்றபடி எடுத்த முழுநீள எக்ஸ்ரே வேண்டும். நீங்கள் அனுப்பிய விவரத்தில் அது இல்லை. அதை எடுக்காமல் தேதி வாங்க வேண்டாம். சந்தேகம் இருந்தால் தஞ்சாவூர் அல்லது திருவாரூர் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் எலும்புப் பிரிவில் அதைக் காட்டி இன்னொரு கருத்துக் கேட்கலாம். முதல் டாக்டர் கோபித்துக்கொள்வாரோ என்ற தயக்கம் வேண்டியதில்லை.

ஆபரேஷனே வேண்டாம் என்பதும் ஒரு வழிதான். தொடைத் தசையைப் பலப்படுத்தும் பயிற்சி, எடை குறைப்பு, வலது கையில் ஊன்றுகோல் (வலி இடது காலில் என்பதால் எதிர்க் கையில்) இவற்றால் சிலருக்கு வலி நன்றாகவே தணியும். ஆனால் வளைவு நிமிராது. மாமா சொல்கிற கட்டாலும் நிமிராது. வளர்ந்து முடிந்த எலும்பையும் தேய்ந்த குருத்தெலும்பையும் வெளியிலிருந்து இறுக்கிக் கட்டி மாற்ற முடியாது. சர்க்கரை உள்ள காலில் இறுக்கமான கட்டு புண்ணையும் கொண்டுவரும். பெயர் ஒட்டாத வலிப் பொடி கொடுத்தால் வாங்க வேண்டாம். சிலவற்றில் ஸ்டீராய்டு கலந்திருக்கும், சர்க்கரை எகிறிவிடும்.

என்ன கெடுதல் நேரலாம்

மறைக்காமல் சொல்கிறேன். புண்ணில் சீழ் பிடிக்கலாம். எலும்பு கூடத் தாமதமாகலாம், அபூர்வமாகக் கூடாமலே போகலாம். கீல் உடையலாம். கால் ரத்தக்குழாயில் ரத்தம் உறையலாம். மூடும் முறையில் நரம்பு பாதித்துப் பாதம் தொங்கிப்போகும் ஆபத்து கொஞ்சம் கூடுதல். பிளேட் உறுத்தினால், எலும்பு நன்றாகக் கூடிய பிறகு அதை எடுக்க இன்னொரு சிறு ஆபரேஷன் தேவைப்படும். இவை எல்லாருக்கும் வருவதில்லை. ஆனால் அம்மா விஷயத்தில் இரண்டு காரணங்கள் இவற்றுக்கு வழி திறந்து வைத்திருக்கின்றன: சர்க்கரையும் பொகையிலையும். மூன்று மாதச் சராசரியைக் காட்டும் ஹெச்பிஏ1சி 8-க்குக் கீழே வரும் வரை தேதியைத் தள்ளிப் போடுங்கள். பொகையிலையைச் சுத்தமாக நிறுத்த வேண்டும், ஆபரேஷனுக்கு ஒன்றரை மாதம் முன்பே. நிக்கோட்டின் ரத்த ஓட்டத்தைக் குறைத்து எலும்பு கூடுவதைக் கெடுக்கும். புகைத்தாலும் மென்றாலும் கேடுதான். அறுப்பு நேரத்தில் கட்டாய் வாங்கி மடியில் வைத்திருப்பார்கள், எனக்குத் தெரியும். கொழுந்து வெற்றிலையை விடச் சொல்வதே அவருக்குப் பெரிய தண்டனையாக இருக்கும். வெறும் வெற்றிலையோடு நின்றால் இப்போதைக்கு நான் ஒன்றும் சொல்ல மாட்டேன்.

கையெழுத்து அம்மாவுடையது

இதில் மாமாவின் பாசத்தை மதிக்கிறேன், ஆனால் அவர் கையெழுத்துக்குச் சட்டத்தில் வலுவில்லை. சுயநினைவோடு உள்ள, வயது வந்த ஒருவர் தன் உடம்புக்குத் தானே சம்மதம் தர வேண்டும். 2008 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தந்த ஒரு தீர்ப்பை இங்கே சொல்ல வேண்டும். வயிற்றுக்குள் பார்த்துச் சோதிக்கும் லேப்ராஸ்கோப்பிக்குச் சம்மதம் தந்த 44 வயதுப் பெண்ணுக்கு, அவர் மயக்கத்தில் இருக்கும்போதே தாயாரிடம் கேட்டுவிட்டுக் கர்ப்பப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துவிட்டார்கள். அவசரநிலை இல்லாதபோது தாயாரின் சம்மதம் செல்லாது, ஒன்றுக்குத் தந்த சம்மதம் இன்னொன்றுக்கு ஆகாது என்று நீதிமன்றம் சொன்னது. நீங்கள் பெயரின் வாலைப் பிடித்துக் கேட்டது எவ்வளவு சரி என்று இதில் தெரிகிறது அல்லவா.

எனவே படிவத்தைத் தமிழில் கேளுங்கள், அல்லது யாராவது படித்து விளக்கட்டும். இடது கால் என்று தெளிவாக இருக்கிறதா, ஆஸ்டியோட்டமி என்று மட்டும் இருக்கிறதா, கூடவே வேறு ஏதாவது சேர்த்திருக்கிறதா என்று அம்மாவோடு உட்கார்ந்து பாருங்கள். கையெழுத்துப் போடாமல் கட்டை விரல் வைப்பவராக இருந்தாலும் விளக்கம் முழுசாகக் கிடைக்க வேண்டும். மருத்துவப் பதிவுகளை எழுதிக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்று மருத்துவக் கவுன்சிலின் 2002-ம் ஆண்டு விதி சொல்கிறது.

பணத்தைப் பற்றியும் ஒரு வரி. குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் என்றால் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் ஆண்டுக்கு 5 லட்சம் வரை பயன் உண்டு. கார்டு இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். மருத்துவமனைக் காப்பீட்டு கவுன்டரில் “முட்டி ஆபரேஷன்” என்று சொல்லாமல் சீட்டில் உள்ள முழுப் பெயரையும் காட்டி, அது திட்டத்தில் வருமா என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள். முட்டி ஆபரேஷன் என்றால் மூட்டு மாற்று என்று நினைத்துக்கொள்வார்கள், அப்புறம் அனுமதி வருவதில் குழப்பம்.

கடைசியாக அம்மாவின் கேள்வி. மாசியில் ஆபரேஷன் நடந்தால் முதல் ஆறு வாரம் வாக்கர் வைத்து, டாக்டர் சொன்ன அளவுக்குத்தான் பாரம் ஊன்ற வேண்டும். எலும்பு கூடச் சாதாரணமாக மூன்று மாதம், சர்க்கரை உள்ளவருக்கு அதற்கு மேலும் ஆகலாம். ஜூன் 12-ல் மேட்டூர் திறக்கும்போது வீட்டுக்குள்ளும் தெருவிலும் தாராளமாக நடந்துகொண்டிருப்பார். வரப்பில் ஒரு நடை போய் நாற்றைப் பார்த்துவிட்டு வரலாம். சேற்றில் இறங்கக் கூடாது. கால் புதைந்து திரும்பினால் முழங்கால் தாங்காது. ஆகவே இந்தக் குறுவைக்கு நடவு ஆள் பேசிவிடுங்கள். ஆறாவது மாதத்து எக்ஸ்ரேயில் எலும்பு முழுசாகக் கூடியிருந்தால் தாளடி நடவுக்கு அவர் இறங்குவதற்கு நான் தடை சொல்ல மாட்டேன்.